இறங்காது நிற்கும் செயலிகள்

இக்காலத்துக் கல்லூரி மாணாக்கர் கையில் ஏடின்றிக் காணப்படினும் கைப்பேசியின்றிக் காணப்படார். கட்டணம் செலுத்துதல், வருகைப் பதிவை நோக்குதல், தேர்வு நுழைவுச்சீட்டைப் பெறுதல், ஊரிலிருந்து பெற்றோர் அனுப்பும் பணத்தை ஏற்றல் ஆகிய இவையெல்லாம் ஏதேனும் ஒரு செயலியின் வாயிலாகவே நடைபெறும் நிலை வந்துவிட்டது. ஆதலின், வேண்டிய செயலி வேண்டிய நேரத்தில் இறங்காது நிற்குமாயின், அஃது ஒரு விளையாட்டுக் குறையன்று. ஒருவரது ஒரு நாளை, சிலவேளை ஓராண்டையே, கெடுக்கவல்ல இடையூறாம். திரையிலே ஒரு சிறு வட்டம் சுழன்றுகொண்டேயிருக்கும். அதனருகே "பெண்டிங்" என்னும் ஒரு சொல் நிற்கும். நிலுவை யாது, எதனால் நேர்ந்தது, எப்பொழுது தீரும் என்பன பற்றி அச்சொல் ஒன்றுமே உரையாது.

இவ்விடையூற்றைக் குறித்து ஒரு கட்டுரை வரைதல் ஓராண்டிதழின் தமிழ்ப் பகுதிக்கு ஏற்குமோ எனச் சிலர் ஐயுறலாம். ஏற்கும் என்பதே எம் கருத்து. என்னை? இறங்காத செயலியால் நேரும் கேடு பெரும்பாலும் சிறிது. அதனை இறக்குதற்பொருட்டு நாம் பதறிச் செய்யும் பரிகாரங்களால் நேரும் கேடே பெரிது. ஒருவர் கைப்பேசியை அடியோடு துடைத்துவிடுகின்றார்; மற்றொருவர் முன்பின் அறியாதார் அனுப்பிய கோப்பைத் தொட்டு வங்கிக் கணக்கை இழக்கின்றார். பரிகாரங்களை அவற்றின் விலை நோக்கி வரிசைப்படுத்திக்கொள்ளல் வேண்டும் என்பதே யாம் ஈண்டு வற்புறுத்த விழைவது. எதனைச் செய்தால் ஒன்றும் இழவோமோ அதனை முதலிற் செய்க. சிறிது இழக்கச் செய்வதனை அடுத்துச் செய்க. மீளப் பெறவொண்ணாதவற்றை அழிக்கும் பரிகாரத்தை ஒரு செயலியின்பொருட்டுச் செய்யற்க.

நிற்க. பதிவிறக்கம் என்பது யாதென முதற்கண் அறிதல் நலம். பிளே ஸ்டோரில் "இன்ஸ்டால்" என்பதைத் தொட்டவுடன் ஒரே செயல் நிகழ்வதாக நாம் எண்ணுகின்றோம். உண்மையில் அடுத்தடுத்துப் பல செயல்கள் நிகழ்கின்றன. கைப்பேசி தன் கணக்கைக் காட்டி அனுமதி பெறுகின்றது. பின்பு வரிசையிற் காத்து நிற்கின்றது. பின்பு கோப்புகளை வருவித்துக்கொள்கின்றது. வந்தவை இடைவழியிற் சிதையாமலும் பிறரால் மாற்றப்படாமலும் வந்தனவா என ஒத்துப் பார்க்கின்றது. அதன்பின்னரே அவற்றைச் சேமிப்பிடத்தில் அமைத்துப் பொருத்துகின்றது. 2021-ஆம் ஆண்டு ஆகஸ்டு முதல், பிளே ஸ்டோருக்குப் புதியனவாய் வரும் செயலிகள் "ஆப் பண்டில்" என்னும் வடிவில் அளிக்கப்படல் வேண்டுமென்பது விதி. அதனால் ஒவ்வொரு கைப்பேசிக்கும் அதன் திரைக்கும் மொழிக்கும் வேண்டிய பகுதிகள் மட்டுமே பிரித்து அனுப்பப்படுகின்றன. ஒரே செயலி உம் கைப்பேசியில் ஓரளவும் அறைத்தோழர் கைப்பேசியில் வேறோரளவும் காட்டுதற்குக் காரணம் இதுவே.

இப்படிகளை நினைவிற் கொண்டோர்க்கு ஒரு பெரும்பயன் உண்டு. நின்ற இடமே பிழை நிகழ்ந்த இடத்தைப் பெரும்பாலும் காட்டிவிடும். ஒரு துளியும் இறங்காமல் தொடக்கத்திலேயே நிலுவை என நிற்குமாயின், குறை வரிசையிலோ, இணைப்பைப் பற்றி நாமே முன்னர் இட்ட கட்டளையிலோ, கணக்கிலோ இருக்கும். பாதி இறங்கி நிற்குமாயின், இணைப்பையேனும் இடத்தையேனும் ஐயுறுக. 99 விழுக்காட்டில் நின்று நம்மை வருத்துமாயின், இணைப்பைக் குறைகூறுதல் வீண். கோப்புகள் ஏறக்குறைய வந்துவிட்டன. பொருத்துதற்கு இடமோ விரைவோ போதவில்லை. பழங்கைப்பேசிகளில் இவ்விறுதிப் படி சில நிமிடங்கள் கொள்ளும். பொறுமையிழந்து அந்நிலையில் நிறுத்திவிடுவோர் கரைசேர்ந்த படகை மீண்டும் நடுவாற்றிற்குத் தள்ளுவோரை ஒப்பர்.

இணைப்பைப் பற்றிச் சிறிது விரித்தே கூறல் வேண்டும். விடுதியில் வாழ்வார்க்கு நேரும் தடைகளுட் பெரும்பாலன ஈண்டே தோன்றுகின்றன. "வாட்ஸ்அப்பிற் செய்தி வருகின்றதே, ஆகவே இணைப்பு நன்றாயிருக்கின்றது" என்பது நம்மவர் கூறும் நியாயம். இந்நியாயம் பொருந்தாது. நம் நாட்டுக் கைப்பேசித் திட்டங்கள் பலவற்றில் நாளொன்றுக்கு இத்துணை ஜி.பி. என ஒரு வரையறை உண்டு. அது தீர்ந்தபின் இணைப்பு அற்றுவிடுவதில்லை. வேகம் மட்டும் நொடிக்கு 64 கிலோபிட்டாகக் குறைக்கப்படுதல் பல திட்டங்களில் வழக்கம். எட்டுப் பிட்டு கொண்டது ஒரு பைட்டு. ஆகவே 64 கிலோபிட்டு என்பது 8 கிலோபைட்டே. 100 எம்.பி. அளவுள்ள ஒரு செயலி அவ்வேகத்தில் இறங்குதற்கு 12,500 நொடிகள் வேண்டும். ஏறக்குறைய மூன்றரை மணி நேரம். இரண்டு வரிச் செய்தியோ நூறு இருநூறு எழுத்துகளில் அடங்குவது. அது கண்ணிமைப்பொழுதில் வந்துவிடும். ஆகவே, செய்தி வருகின்றது, செயலி நின்றுவிட்டது என நாம் நினைக்கின்றோம். அது நிற்கவில்லை, எறும்பு போல் ஊர்ந்துகொண்டிருக்கின்றது. நள்ளிரவு கடந்து மறுநாள் அளவு பிறந்தவுடன் அது தானே இறங்கிவிடக் கண்டு, முதல்நாள் மாலை தாம் செய்த ஏதோ ஒரு மந்திரம் பலித்ததாக மகிழ்வாரும் உளர்.

இனி, நாமே இட்டு நாமே மறந்த கட்டளைகளைக் காண்போம். பிளே ஸ்டோரில் நம் படத்தைத் தொட்டு, "செட்டிங்ஸ்" என்பதனுள் இணைப்பு பற்றிய பகுதியைத் திறப்பின், செயலிகளை எவ்விணைப்பிலும் இறக்கலாமா, வைஃபையில் மட்டும் இறக்கலாமா, ஒவ்வொரு முறையும் நம்மைக் கேட்டு இறக்கலாமா என மூன்று தெரிவுகள் காணப்படும். என்றோ ஒரு நாள் டேட்டாவை மிச்சம் பிடிக்க எண்ணி வைஃபை மட்டும் என்று வைத்தவர், இன்று சிம் இணைப்பிற் காத்திருந்தால் அது எங்ஙனம் இறங்கும்? கைப்பேசியின் பொது அமைப்பிலுள்ள "டேட்டா சேவர்" என்பதும், மின்கலச் சிக்கனமும், ஊரறியாத இலவச வி.பி.என். செயலிகளும் இவ்வாறே தடைசெய்தல் கூடும். இவற்றைத் திறந்து நோக்குதலால் நாம் இழப்பது ஒன்றுமில்லை.

விடுதி வைஃபைக்கு வருவோம். பலவிடங்களில் இணைந்தவுடன் பெயரும் கடவுச்சொல்லும் கேட்கும் ஒரு பக்கம் தோன்றும். அப்பக்கத்தில் நுழையாதவரை, வைஃபைக்குறி திரையின் உச்சியில் நிமிர்ந்து நிற்கும். ஆயினும் ஒரு துளியும் இறங்காது. நுழைந்த பின்னரும் சில மணிநேரத்தில் அவ்வனுமதி காலாவதியாகும். இதனினும் நுண்ணியது ஒன்றுண்டு. நிறுவனங்களின் இணையக் காவலரண்கள் சில போர்ட்டுகளை மட்டும் திறந்து பிறவற்றை மூடிவைக்கும். போர்ட்டு என்பது ஒரு பெருமாளிகையின் எண்ணிட்ட வாயிலை ஒப்பது. வலைத்தளங்களைக் காண்பதற்கு 443 என்னும் வாயில் பெரும்பாலும் போதும். கூகிளின் சேவைகளோ 5228 என்னும் வாயிலையும் நாடுகின்றன. அது மூடியிருப்பின், வலைத்தளங்கள் எல்லாம் திறக்கும், காணொலி ஓடும், பிளே ஸ்டோர் மட்டும் நிலுவையிலே நிற்றல் கூடும். பாவம், மாணாக்கர் தம் கைப்பேசியை நொந்துகொள்வர். கைப்பேசி யாது செய்யும்?

இவையனைத்தையும் ஒரே சோதனையாற் பகுத்தறியலாம். நண்பர் ஒருவரது கைப்பேசியின் ஹாட்ஸ்பாட்டில் உமது கைப்பேசியை ஐந்து நிமிடம் இணைத்துப் பாரும். செயலி இறங்கிவிடுமாயின், குறை உம் இணைப்பில். கைப்பேசியின் ஒரு கோப்பையும் தொட வேண்டியதில்லை. இறங்காதாயின், குறை கைப்பேசியினுள்ளே. இரண்டு கட்டளைகளை ஒருங்கே மாற்றாமல் ஒன்றை மாற்றி விளைவைக் காணும் இம்முறையை நம் ஆய்வுக்கூடங்களில் நாள்தோறும் பயில்கின்றோம். அறையை விட்டு வெளிவந்தவுடன் அதனை மறந்துவிடுதல் வியப்பே.

வரிசையைப் பற்றி ஓரிரு சொற்கள் போதும். வைஃபை கிடைத்தவுடன் பழைய செயலிகளெல்லாம் தம்மைப் புதுப்பித்துக்கொள்ள முந்தும். நமக்கு வேண்டியது பின்னே நிற்கும். "மேனேஜ் ஆப்ஸ்" என்னும் பக்கத்தில் அப்புதுப்பித்தல்களை நிறுத்திவிடின் வழி விடும். ஐபோனில், இறங்கும் செயலியின் உருவை அழுத்திப் பிடித்து அதற்கு முதலிடம் தருமாறு கேட்கலாம்.

சேமிப்பிடமோ சற்று நின்று நோக்கத்தக்கது. செயலியின் அளவு 80 எம்.பி. என எழுதியிருப்பின் 80 எம்.பி. இடம் போதுமென எண்ணுதல் தவறு. வந்த கோப்பிற்கும், அது விரித்துப் பொருத்தப்படுதற்கும், செயலி ஓடத் தொடங்கியபின் சேர்த்துக்கொள்வதற்கும் இடம் வேண்டும். ஒரு ஜி.பி.க்குக் குறைவாக இடமுள்ள கைப்பேசியில் இடநெருக்கடி உண்டெனக் கூகிளின் உதவிப்பக்கமே கூறுகின்றது. அவ்விடத்தை எங்கிருந்து பெறுவது? காலை வணக்கப் படங்களும், குடும்பக் குழுக்களில் ஒன்றே பத்தாய் வந்த காணொலிகளும் முதற்கண் நீங்கத் தக்கன. கல்லூரித் தோழர்கள் இவ்விடத்தில் ஓர் எச்சரிக்கையை மறவாதிருப்பாராக. கூகிள் ஃபோட்டோஸில் ஏற்றிவைத்த படத்தை அச்செயலியினுள் நின்று நீக்கினால், அது கைப்பேசியிலிருந்து மட்டுமன்று, ஏற்றிவைத்த இடத்திலிருந்தும் நீங்கும். 60 நாட்கள் அது குப்பைத்தொட்டியில் மீட்கத்தக்கதாய்க் கிடக்கும், அதன்பின் இல்லை. ஏற்றிவைத்த பிரதியை விட்டுவிட்டுக் கைப்பேசிப் பிரதியை மட்டும் நீக்குதற்கு வேறொரு தனித் தெரிவு உண்டு. அவசரத்தில் இவ்விரண்டினையும் மயங்கவுணர்ந்து மூவாண்டுப் படங்களை நீக்குவோர், ஒரு செயலிக்குக் கொடுக்கும் விலை மிகப் பெரிது.

கடிகாரம் பிழையாயிருப்பின் செயலி இறங்காது என்றால் நகைப்பாரும் உளர். நகைத்தற்கு இடமில்லை. கைப்பேசி ஒரு சேவையுடன் பேசத் தொடங்குமுன் அச்சேவையின் சான்றிதழைக் கேட்டு வாங்குகின்றது. ஒவ்வொரு சான்றிதழுக்கும் தொடங்கும் நாளும் முடியும் நாளும் உண்டு. மின்கலம் முற்றும் தீர்ந்து நெடுநாட் கிடந்த ஒரு டேப்லட், தான் சில ஆண்டுகட்கு முன்னர் இருப்பதாக எண்ணிக்கொண்டு விழிக்குமாயின், இன்றைய சான்றிதழ் அதன் கண்ணுக்கு இன்னும் பிறவாத சான்றிதழ். ஆகவே அதனை ஏற்க மறுக்கும். நாளையும் நேரத்தையும் தானே அமைத்துக்கொள்ளுமாறு விடுதலே இதற்கு மருந்து.

கைப்பேசியை அணைத்து மீண்டும் ஏற்றுதலை இகழ்வார் பலர், "எதற்கெடுத்தாலும் இதுதானா?" என்பர். எதற்கெடுத்தாலும் இதுவன்று, ஆயினும், உள்ளே சிக்கிக்கொண்ட ஒரு செயலை முடித்து யாவற்றையும் தூய நிலையிலிருந்து தொடங்கச் செய்தலால் இது பலவேளைகளிற் பயன்படுகின்றது. இதற்கு விலையும் இல்லை. ஆகவே சினத்திற்கு முன்னர் இதனைச் செய்க.

இதுகாறும் கூறியவை யாவும் ஒன்றும் இழவாமற் செய்யத்தக்கன. இனிச் சிறிது இழக்கச் செய்வனவற்றைக் கூறுவாம். அமைப்புகளில் "ஆப்ஸ்" என்பதைத் திறந்து பிளே ஸ்டோரைத் தெரிந்தால் இரண்டு பொத்தான்களைக் காணலாம். ஒன்று கேஷைத் துடைப்பது. மற்றொன்று தரவைத் துடைப்பது. கேஷ் என்பது செயலி தன் விரைவின்பொருட்டு எடுத்து வைத்துக்கொண்ட தற்காலிகப் பிரதி. அதனைத் துடைத்தால் அது மீண்டும் எடுத்துக்கொள்ளும். தரவு என்பது அச்செயலியின் நினைவு முழுதும். பிளே ஸ்டோரின் தரவைத் துடைப்பதனாற் பெருங்கேடில்லை. நாம் அங்கு அமைத்துவைத்த தெரிவுகள் நீங்கும், அவ்வளவே. முன்னரே பொருத்திய செயலிகள் அழியா. பதிவிறக்கங்களை நடத்தும் "டவுன்லோட் மேனேஜர்" என்பதற்கும் இதுவே ஒக்கும். ஆனால், "துடைத்தல் நன்று" எனக் கேட்டறிந்த ஒருவர் அதே பொத்தானை வாட்ஸ்அப்பிற்கோ வங்கிச் செயலிக்கோ அழுத்துவாராயின், காப்புப்பிரதி எடுக்காத உரையாடல்கள் அழியும். வங்கியில் மீண்டும் பதிவு செய்துகொள்ள நேரும். இருபடிப் பாதுகாப்பிற்கு எண் வழங்கும் கூகிள் ஆதென்டிகேட்டர் செயலிக்குக் கணக்கில் ஏற்றிவைக்கும் வசதி 2023 ஏப்பிரலில்தான் வந்தது; அவ்வசதியைப் பயன்படுத்தாதவர் அதன் தரவைத் துடைத்தால், தம் வீட்டுச் சாவியைத் தாமே கிணற்றில் எறிந்தவராவர். பரிகாரத்தின் பெயர் ஒன்றேயாயினும் இடத்திற்கேற்ப அதன் விலை வேறு என்பதனை உணர்த்துதற்கே இவ்வளவும் கூறினோம்.

கூகிள் கணக்கைக் கைப்பேசியிலிருந்து நீக்கி மீண்டும் சேர்த்தல் இன்னும் ஒரு படி மேலானது. இதனாலும் சிலவேளை தடை நீங்கும். ஆயினும் கடவுச்சொல் நினைவிலுண்டா, தொடர்பெண்கள் கணக்கில் ஏறியுள்ளனவா என்று தேர்ந்து தெளிந்த பின்னரே இதனைச் செய்க. ஐபோன் உடையார்க்குக் கணக்கிலேயே பிறிதொரு முட்டுக்கட்டை நேர்வதுண்டு: முன்னர் வாங்கியதற்குரிய தொகை செலுத்தப்படாது நிற்குமாயின், இலவசச் செயலியும் இறங்காது மறுக்கப்படலாம். அங்கே துடைப்பதற்கு ஒன்றுமில்லை. கடனைத் தீர்த்தலே வழி.

குறை நம்மிடத்தும் இன்றி நம் இணைப்பிடத்தும் இன்றி நிறுவனத்தாரிடமே இருத்தலும் உண்டு. 2020 டிசம்பர் 14-ஆம் நாள், கணக்கிற்குள் நுழைந்து பயன்படுத்த வேண்டிய கூகிளின் சேவைகள் உலகெங்கும் சுமார் முக்கால் மணி நேரம் நின்றுபோயின. காரணம் யாது? கணக்குகளைச் சரிபார்க்கும் அமைப்பிற்கு அந்நிறுவனத்தின் உள்ளேயே ஒதுக்கப்பட்ட சேமிப்பளவில் நேர்ந்த கோளாறு! இடம் போதாமை எளியேம் கைப்பேசிக்கு மட்டும் உரியதன்று என்று அன்று தெரிந்தது. அந்நேரத்தில் தம் கைப்பேசியைத் துடைத்தவர் எத்துணைப் பேரோ. பக்கத்து அறையாரிடம் "உமக்கு இறங்குகின்றதா?" என்று கேட்பின் போதியது.

இனி, செய்யத்தகாத இரண்டினைக் கூறுதல் வேண்டும்.

ஒன்று, கைப்பேசியைத் தொழிற்சாலை நிலைக்கு மீட்டல். "ஃபாக்டரி ரீசெட்" என்பர். யாம் அறிந்த முதலாண்டு மாணவர் ஒருவர், உதவித்தொகை விண்ணப்பத்திற்கு ஒரு செயலி வேண்டியிருந்தும் அஃது இறங்காமையால், கடைத்தெருவிற் பழுதுபார்க்கும் ஒரு கடையிற் கைப்பேசியைக் கொடுத்தார். கடைக்காரர் கால் மணியில் அதனை முற்றும் துடைத்துத் திரும்பத் தந்தார். தமக்கையின் திருமணப் படங்கள் போயின. அஃதேயன்றி, கைப்பேசி உயிர்பெற்றெழுந்தவுடன் பழைய கூகிள் கணக்கின் கடவுச்சொல்லைக் கேட்டது. திருட்டைத் தடுத்தற்பொருட்டு 2015-இல் வெளிவந்த ஆண்ட்ராய்டு 5.1 முதல் உள்ள காப்பு அது: உரியவரின் அமைப்புகள் வழியாகவன்றி வேறு வழியாகத் துடைக்கப்பட்ட கைப்பேசி, முன்னிருந்த கணக்கைக் காட்டினாலன்றித் திறவாது. அக்கணக்கை ஊரிலே அவர்தம் மாமன் அமைத்துக் கொடுத்தார். கடவுச்சொல்லை இருவரும் அறியார். விண்ணப்ப நாள் கடந்தது. பின்னர் வினவியபொழுது, சேமிப்பிடம் நிறைந்துவிட்டது என்னும் அறிவிப்பு மூன்று நாட்களாக வந்துகொண்டிருந்ததாகவும், வரும்போதெல்லாம் தாம் அதனை விரலால் ஒதுக்கிவிட்டதாகவும் அம்மாணவர் கூறினார். அவர் பத்துக் காணொலிகளை நீக்கியிருந்தாற் போதும்.

மற்றொன்று, பிளே ஸ்டோரில் இறங்காத செயலியை வேறெங்கிருந்தோ வருவித்தல். "இதோ, ஏ.பி.கே. அனுப்புகின்றேன், தொட்டால் வந்துவிடும்" என்று நண்பர் அன்போடு அனுப்புவர்; அவருக்கு யார் அனுப்பினரென அவர் அறியார். இக்கோப்பைப் பொருத்துதற்கு, அறியா மூலங்களிலிருந்து வரும் செயலிகளை ஏற்கலாம் என்று நாமே கைப்பேசிக்கு அனுமதி தருதல் வேண்டும். அவ்வனுமதியோடு குறுஞ்செய்திகளைப் படிக்கும் உரிமையையும் அது கேட்டுப் பெறுமாயின், வங்கி அனுப்பும் ஒருமுறை எண்ணெல்லாம் பிறன் கைக்குச் செல்லும். 2024-இல் திருமண அழைப்பிதழ் என்னும் பெயரால் வாட்ஸ்அப்பில் வந்த இத்தகைய கோப்புகளைக் குறித்துக் காவல்துறையினர் பொதுமக்களை எச்சரித்தனர். மணவோலைக்கு ஏமாறுவோர், தேர்வுச் செயலி என்ற பெயருக்கு ஏமாறார் என்பது என்ன உறுதி? இறங்காத செயலி நம்மைக் காக்க வைக்கின்றது. இறங்கிவிட்ட பொய்ச்செயலியோ நம்மைக் காத்திருக்கவே விடுவதில்லை.

"அறிவுரை யாவும் பயன்படுத்துவோர்க்கேயோ? படைப்போர்க்கு ஒன்றுமில்லையோ?" என்று வினவுவார்க்கு விடை கூறல் எம் கடன். குற்றத்திற் பெரும்பங்கு படைப்போருடையதே என்பதில் எமக்கு ஐயமில்லை. 1985-ஆம் ஆண்டிலேயே பிராட் மையர்ஸ் என்னும் அறிஞர், கணினி ஒரு செயலை எத்துணை விழுக்காடு முடித்துள்ளது என்று காட்டுங் குறியின் இன்றியமையாமையை ஓர் ஆய்வுரையில் நிறுவினார். அதற்குப்பின் நாற்பதாண்டுகள் கழிந்தும், காரணத்தை மறைக்கும் ஒற்றைச் சொல்லையே நம்முன் நிறுத்துகின்றனர். வைஃபைக்காகக் காத்திருக்கின்றேன் என்றோ, முன்னே மூன்று செயலிகள் உள்ளன என்றோ, சான்றிதழின் நாள் ஒவ்வவில்லை என்றோ கூறுதற்குக் கைப்பேசிக்கு அறிவில்லாமலில்லை. காரணம் அதற்குத் தெரியும். சிலவற்றைச் சிலவேளை கூறவும் செய்கின்றது. எல்லாவற்றையும் எப்போதும் கூறுமாறு அதனை அமைத்திருப்பின் இக்கட்டுரைக்கே இடமிராது. புகைவண்டி தாமதிக்கின்றது என்று மட்டும் கூறி, எவ்வூரில் நிற்கின்றது என்று கூறாத நிலையத்தலைவரை நாம் பொறுத்துக்கொள்வோமா?

படைப்போரினும் ஒருபடி மேலாக வினவத்தக்கார், செயலியன்றி வேறு வழியில்லை என விதிக்கும் அலுவலகத்தார். எல்லோரிடத்தும் புதுக் கைப்பேசி இல்லை. 2013-இல் வந்த ஆண்ட்ராய்டு கிட்கேட் பதிப்பிற்குத் தன் பிளே சேவைகளின் புதுப்பித்தலை 2023-இற் கூகிள் நிறுத்திவிட்டது. இவ்வாறு ஒவ்வொன்றாய் நின்றுகொண்டே வரும். தமையனிடமிருந்து தம்பிக்கு வந்த கைப்பேசியில், "உம் சாதனத்திற்கு இச்செயலி பொருந்தாது" என்னும் வாசகம் தோன்றினால், அதற்கு இக்கட்டுரையிற் கூறிய எம்மருந்தும் இல்லை. ஆதலின், செயலியாற் செய்யத்தக்க எதனையும் உலாவியில் ஒரு வலைத்தளத்தின் வழியாகவும் செய்ய இடந்தருதல் முறை. இது நடவாத காரியமன்று. 2015-இல் இந்திய அரசினர் தொடங்கிய டிஜிலாக்கர் செயலியாகவும் உண்டு, வலைத்தளமாகவும் உண்டு. செயலி இறங்காது நிற்கும் நாளில் அவ்வலைத்தளத்தை நாடலாம் என்பதனை அறியாது தவிக்கும் மாணவ மாணவியர் நம்மிடையே பலர்.

நம் கல்லூரி செய்யத்தக்கனவும் சில உள. விடுதி வைஃபையில் 5228 என்னும் போர்ட்டு திறந்துள்ளதா, நுழைவனுமதி எத்துணை மணிக்கொருமுறை காலாவதியாகின்றது, குறையிருப்பின் யாரிடம் கூறுவது என்னும் மூன்றினையும் ஒரு தாளில் எழுதி விடுதியின் அறிவிப்புப் பலகையில் ஒட்டிவைத்தல் பெருஞ்செலவன்று. பழுதுபார்க்குங் கடைக்கு ஓடுமுன் கைப்பேசியைப் பார்த்துச் சொல்லக் கணினித் துறை மாணவர் இருவர் வாரத்தில் ஒரு மாலை முன்வரின், துறைக்கும் அது பயிற்சியாகும். விண்ணப்பங்களின் இறுதி வாரங்களில் நூலகக் கணினிகள் சிலவற்றை இரவு எட்டு மணி வரை திறந்துவைத்தால், கைப்பேசியில் எது இறங்கினும் இறங்காவிடினும் விண்ணப்பம் போய்ச் சேரும். வரும் ஜூன் மாதம் புதுமாணவர் வருமுன் இவற்றை முடிவுசெய்யுமாறு முதல்வரையும் விடுதிக் காப்பாளர்களையும் வேண்டிக்கொள்கின்றோம்.